வெள்ளிக்கிழமையே தொடங்கிவிடும் திங்கள்

அந்தத் திங்கட்கிழமை காலை ஒன்பதேகால் மணிக்கு நான் அனுப்பிய ஒரு மின்னஞ்சலை இப்போது நினைத்தாலும் காது மடல் சூடாகிறது. எங்கள் கணக்குப் பிரிவில் 7 பேருடைய சம்பள உயர்வு விவரம் இருந்த தாள் அது. மேலாளருக்கு மட்டும் போக வேண்டியது. பெயரின் முதல் இரண்டு எழுத்தைத் தட்டினேன், மேலே வந்ததைத் தேர்ந்தெடுத்தேன், அனுப்பிவிட்டேன். மேலே வந்தது மேலாளர் பெயர் இல்லை. மொத்தப் பிரிவுக்கும் போகிற குழு முகவரி.

அரை நிமிடம் கழித்துப் பக்கத்து மேஜைக்காரர் தலையைத் தூக்கி என்னைப் பார்த்தார். அப்புறம் தன் திரைக்கே திரும்பிக்கொண்டார். இரண்டு வார்த்தை திட்டியிருந்தால்கூடத் தேவலை.

மேலாளர் உள்ளே கூப்பிட்டார். சத்தம் போடவில்லை. "திங்கட்கிழமை ஆனா உங்களுக்கு என்னமோ ஆயிடுது சார். போன மாசமும் இப்படித்தான். கவனிச்சீங்களா?" என்றார். நான் கவனித்திருக்கவில்லை.

அன்று ராத்திரி வீட்டுக்கு வந்து இரண்டு காரியம் செய்தேன். முதலாவது, மனசு ஆறட்டும் என்று ஒரு ஹெட்போன் ஆர்டர் போட்டேன். ஏற்கெனவே இருந்த ஹெட்போன் நன்றாகத்தான் பாடிக்கொண்டிருந்தது. இரண்டாவது, அனுப்பிய மின்னஞ்சல்களில் 'மன்னிக்கவும்' என்ற சொல்லைத் தேடிப் பார்த்தேன். ஒரு வருஷத்தில் 11 மன்னிப்புகள். அதில் 7 திங்கட்கிழமை தேதியில் இருந்தன.

மறுநாள் ஒரு நோட்டு எடுத்தேன். 12 வாரம் எழுதுவது என்று முடிவு. எத்தனை மணிக்குத் தூங்கினேன், எத்தனை மணிக்கு எழுந்தேன், மனநிலைக்குப் பத்துக்கு எத்தனை, வேலையில் என்ன தப்பு செய்தேன், என்ன வாங்கினேன். இவ்வளவுதான். இதை ஆய்வு என்று சொல்ல மாட்டேன். ஒரே ஆள், அதுவும் தனக்குத் தானே மார்க் போட்டுக்கொள்கிற ஆள். ஆனால் என்னைப் பற்றி எனக்கே தெரியாத சிலது அதில் தெரிந்தது.

முதல் ஆச்சரியம் மனநிலைப் பத்தியில் வந்தது. திங்களுக்கு நான் போட்ட மார்க் பெரும்பாலும் 5. சரி, எதிர்பார்த்ததுதான். ஆனால் செவ்வாய்க்கும் 5. புதனுக்கும் 5, சில வாரம் 4. வெள்ளி வந்தால்தான் 7. திங்கள் என்ன தனியாக மோசம்? மற்ற வேலைநாள் எப்படியோ அப்படித்தான் அதுவும் இருந்திருக்கிறது. பிறகு தேடிப் படித்தபோது, இதே விஷயத்தை 2012-இல் ஆர்தர் ஸ்டோன் என்ற உளவியலாளரும் அவர் குழுவினரும் அமெரிக்காவில் சுமார் 3,40,000 பேரிடம் எடுத்த கேலப் கருத்துக்கணிப்பை வைத்துச் சொல்லியிருப்பது தெரிந்தது. வெள்ளியும் வாரக் கடைசியும் மனசுக்கு நன்றாக இருக்கின்றன. திங்களுக்கும் செவ்வாய், புதன், வியாழனுக்கும் பெரிய வித்தியாசம் இல்லை.

அப்படியானால் திங்கள் மட்டும் ஏன் கடிக்கிறது? வெயிலில் நின்றுவிட்டுச் சட்டென்று வீட்டுக்குள் நுழைந்தால் அறை இருட்டாகத் தெரியுமே, அது மாதிரி. அறையில் வெளிச்சம் எப்போதும் இருக்கிற அளவுதான் இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமையைப் பார்த்த கண்ணோடு உள்ளே வருகிறோம், அவ்வளவுதான். செவ்வாய்க்குள் கண் பழகிவிடுகிறது. அதற்காக அந்த முதல் சில மணி நேரத் தடுமாற்றம் பொய் என்றும் சொல்ல முடியாது. என் 11 மன்னிப்பில் 7 பொய் இல்லையே.

ஜனவரி மாதம் மூன்றாவது திங்கட்கிழமை 'வருஷத்திலேயே சோகமான நாள்' என்று ஒரு செய்தி ஆண்டுதோறும் சுற்றும். அதற்கு ஒரு சூத்திரம் வேறு உண்டு. அது 2005-இல் ஒரு பயண விளம்பரத்துக்காகக் கிளப்பப்பட்டது. சோகமாக இருக்கிறவர்களுக்குச் சுற்றுலா டிக்கெட் விற்பதுதான் நோக்கம். அதை நம்பி ஜனவரியில் முகத்தைத் தொங்கப்போட வேண்டியதில்லை.

இன்னொன்று. இந்தப் பழி திங்கள் என்ற பெயருக்கு உரியதும் இல்லை. தமிழில் திங்கள் என்றால் நிலவு. இவ்வளவு அழகான பெயர் வேறெந்தக் கிழமைக்கு இருக்கிறது? வேலை வாரத்தை ஞாயிற்றுக்கிழமை தொடங்கும் நாடுகள் உண்டு. அங்கே இந்தக் கனம் முழுவதும் ஞாயிறு தலையில். ஐக்கிய அரபு அமீரகம் 2022 ஜனவரியில் அரசு அலுவலகங்களின் வார விடுமுறையை வெள்ளி, சனியிலிருந்து சனி, ஞாயிறுக்கு மாற்றியது. வெள்ளி அரைநாள் வேலை. வேலை வாரத்தின் முதல் நாள் நகர்ந்தால் அலுப்பும் கூடவே மூட்டை கட்டிக்கொண்டு நகரும். தொழிற்சாலைகள் வருவதற்கு முன்னால் ஐரோப்பியக் கைவினைஞர்கள் வேறு வழி வைத்திருந்தார்கள். ஞாயிறு குடித்த போதை தெளியவில்லை என்று திங்களும் வேலைக்கு வராமல், அந்த நாளுக்குப் 'புனிதத் திங்கள்' என்று கேலிப் பெயரும் சூட்டிக்கொண்டார்கள். இப்போது அப்படிச் செய்தால் செவ்வாயும் வர வேண்டாம் என்றுதான் கடிதம் வரும்.

இனி உடம்புக்கு வருகிறேன். எனக்கு நிஜமாகவே பயம் வந்தது அங்கேதான்.

நோட்டு தொடங்கி ஐந்தாவது வாரம், திங்கள் காலை. லிஃப்ட் முன்னால் கூட்டம். பையை மாட்டிக்கொண்டு நாலு மாடி ஏறினேன். மூன்றாவது மாடித் திருப்பத்தில் நெஞ்சை யாரோ துணி பிழிகிற மாதிரி பிழிந்தார்கள். கைப்பிடிக் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். உள்ளங்கை ஈரம். மேலே நின்றிருந்தவர் "என்ன சார், திங்கட்கிழமையா?" என்று சிரித்தார். நானும் சிரித்தேன். அந்தச் சிரிப்பை நினைத்தால்தான் இப்போதும் கோபம் வருகிறது. அரை மணி நேரம் அதைத் திங்கட்கிழமை என்றே நினைத்து நாற்காலியில் உட்கார்ந்திருந்தேன். பிறகு நண்பர் ஒருவர் வற்புறுத்தி ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போனார்.

ஈசிஜி எடுத்தார்கள், ரத்தம் எடுத்தார்கள், சில மணி நேரம் விட்டு மறுபடியும் ரத்தம் எடுத்தார்கள். இதயத்தில் ஒன்றும் இல்லை. கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு டாக்டர் கேட்ட கேள்விதான் என் நோட்டில் ஒரு புதுப் பத்தியைத் திறந்தது. "வெள்ளி, சனி ராத்திரி எத்தனை மணிக்குத் தூங்குறீங்க?"

"ரெண்டு மணி ஆகும் டாக்டர். லீவுதானே."

"எழுந்திருக்கிறது?"

"பத்து."

"மத்த நாள்?"

"பதினொண்ணுக்குப் படுத்து ஆறுக்கு எழுந்திருப்பேன்."

அவர் ஒரு துண்டுத்தாளில் கணக்குப் போட்டுக் காட்டினார். பதினொன்றிலிருந்து ஆறு வரை தூங்கினால் தூக்கத்தின் நடுப்புள்ளி இரண்டரை மணி. இரண்டிலிருந்து பத்து வரை என்றால் நடுப்புள்ளி ஆறு மணி. இடையில் மூன்றரை மணி நேரம். "வாரா வாரம் மூணரை மணி நேர வித்தியாசம் இருக்கிற ஊருக்குப் போயிட்டு, ஞாயித்துக்கிழமை ராத்திரி திரும்பி வர்றீங்க. விமான டிக்கெட்தான் இல்லை" என்றார்.

இதற்கு சோஷியல் ஜெட்லேக் என்று பெயர். ஜெர்மனியில் டில் ரோனபெர்க் என்ற ஆய்வாளரின் குழு 2006-இல் வைத்த பெயர். நம் உடம்புக் கடிகாரத்துக்கு ஒரு சுற்று 24 மணி நேரத்தைவிடக் கொஞ்சம் அதிகம். ஹார்வர்டில் 1999-இல் அளந்தபோது சராசரியாக 24 மணி 11 நிமிடம் வந்தது. அதனால் தூக்கத்தைத் தள்ளிப்போடுவது நமக்குச் சறுக்கு மரம். முன்னால் இழுப்பது மலையேற்றம். மேற்கு நோக்கிப் பறக்கிறவர்களைவிடக் கிழக்கு நோக்கிப் பறக்கிறவர்கள் அதிகம் அவதிப்படுவதும் இதனால்தான். வெள்ளியும் சனியும் சுகமாக மேற்கே பறந்துவிட்டு, திங்கள் காலை ஆறு மணி அலாரத்துக்கு ஒரே தாவலில் கிழக்கே வந்து விழுகிறோம். கடிகாரம் இரண்டே நாளில் முழு மூன்றரை மணி நேரமும் நகர்ந்துவிடாது. ஆனால் ஓரளவு நகர்ந்தாலே போதும், அலாரம் அடிக்கும்போது உடம்புக்கு இன்னும் நடுராத்திரிதான்.

நான் செய்துகொண்டிருந்த பெரிய முட்டாள்தனம் வேறு ஒன்று. திங்கள் கஷ்டம் என்று தெரிந்து, ஞாயிறு ராத்திரி ஒன்பதரைக்கே போய்ப் படுப்பேன். விளக்கை அணைத்துவிட்டுக் கூரையைப் பார்த்துக்கொண்டிருப்பேன். மின்விசிறி சுற்றும். மனசும் சுற்றும். செவ்வாய் தர வேண்டிய அறிக்கை, புதன் வரப்போகிற தணிக்கை, மூன்று வருஷத்துக்கு முன் யாரோ சொன்ன ஒரு சொல். பன்னிரண்டரை ஆகும், தூக்கம் வராது. இதைச் சொன்னதும் டாக்டர் சிரித்துவிட்டார். வழக்கமான தூக்க நேரத்துக்கு முந்தைய இரண்டு, மூன்று மணி நேரம்தான் உடம்பு மிக விழிப்பாக இருக்கிற நேரமாம். முந்தின நாள் இரண்டு மணிக்குப் படுத்தவன் இன்று ஒன்பதரைக்குத் தூங்க முயன்றால் மூடிய கதவில் முட்டுவதுதான் நடக்கும். தூக்கம் வராத அந்த மூன்று மணி நேரத்தில்தான் நான் திங்கட்கிழமையை உட்கார்ந்து தயாரித்துக்கொண்டிருந்தேன்.

மாற்றியதைச் சொல்கிறேன். ராத்திரி எவ்வளவு நேரமானாலும் சனி, ஞாயிறு காலையில் ஏழு மணிக்கு எழுந்துவிடுவது. தூக்கம் பாக்கி இருந்தால் மதியம் அரை மணி நேரம் சாய்வது, அதற்கு மேல் இல்லை. எழுந்ததும் வாசலிலோ மொட்டை மாடியிலோ இருபது நிமிடம் வெளிச்சத்தில் நிற்பது. காலை வெளிச்சம் கடிகாரத்தை முன்னால் இழுக்கும், ராத்திரி வெளிச்சம் பின்னால் தள்ளும். ஞாயிறு மதியம் இரண்டு மணிக்கு மேல் காபி இல்லை. காபியில் உள்ள காஃபீன் பாதியாகக் குறையவே சராசரி ஐந்து மணி நேரம் பிடிக்கும். சாயங்காலம் ஐந்துக்குக் குடித்தால் ராத்திரி பத்துக்கும் பாதி உள்ளே உட்கார்ந்திருக்கும். முதல் இரண்டு வாரம் எரிச்சலாக இருந்தது. லீவு நாளில் ஏழு மணிக்கு எழுந்தவனை வீட்டில் சந்தேகமாகப் பார்த்தார்கள். நாலாவது வாரம் திங்கட்கிழமை அலாரம் அடிப்பதற்கு மூன்று நிமிடம் முன்னால் கண் திறந்தது. அதைப் பெரிய எழுத்தில் நோட்டில் எழுதி வைத்திருக்கிறேன்.

எல்லா வாரமும் கடைப்பிடித்தேனா? இல்லை. கல்யாணம், விருந்து, ராத்திரி முழுக்க ஓடும் விளையாட்டு என்று ஏதாவது வரும். வந்தால் திங்கள் கெட்டுப்போகும். ஆனால் ஏன் கெட்டது என்று தெரியும், வாழ்க்கையையே சந்தேகப்பட வேண்டி வராது.

நெஞ்சு விஷயத்தை இன்னும் கொஞ்சம் சொல்ல வேண்டும். திங்கட்கிழமைக்கும் மாரடைப்புக்கும் தொடர்பு இருப்பதை 1994-இலேயே ஜெர்மனியிலிருந்து வந்த ஆய்வு காட்டியது. குறிப்பாக வேலைக்குப் போகிறவர்களிடம். 2013 முதல் 2018 வரை அயர்லாந்துத் தீவு முழுவதிலும் கடுமையான வகை மாரடைப்போடு அனுமதிக்கப்பட்ட 10,528 பேரின் விவரத்தைப் பார்த்த மருத்துவர்கள், எதிர்பார்க்கிற அளவைவிடத் திங்களில் 13 சதவீதம் அதிகம் என்று 2023-இல் அறிவித்தார்கள். எனக்குத் தெரிந்த செவிலியர் ஒருவரிடம் இதைச் சொன்னபோது, "திங்கள்னா எமர்ஜென்சியில எப்பவுமே கூட்டம்தான் அண்ணா. சனிக்கிழமை வந்த வலியை எல்லாரும் தாங்கிக்கிட்டுத் திங்கள் வருவாங்க" என்றார். அதுவும் உண்மை. ஆனால் இதயக் குழாய் முழுசாக அடைத்துக்கொள்கிற வகை மாரடைப்பை இரண்டு நாள் தள்ளிப்போடுவது எல்லோருக்கும் முடிகிற காரியமா? காரணம் இதுதான் என்று யாரும் அடித்துச் சொல்லவில்லை. உடம்புக் கடிகாரமும், காலையில் ஏறுகிற ரத்த அழுத்தமும், மன அழுத்த ஹார்மோனான கார்ட்டிசோலும் சேர்ந்திருக்கலாம் என்கிறார்கள். விடுமுறை நாளைவிட வேலைநாள் காலையில் கண் விழித்ததும் கார்ட்டிசோல் அதிகம் ஏறுகிறது என்பது பல ஆய்வுகளில் வந்திருக்கிறது.

13 சதவீதத்தைக் கேட்டுப் பயப்படத் தேவையில்லை. தனி ஒரு மனிதருக்கு அது மிகச் சிறிய கூடுதல். ஆனால் நெஞ்சு இறுக்கம், இடது கைக்கோ தாடைக்கோ பரவும் வலி, குப்பென்ற வியர்வை, மூச்சுத் திணறல் இதில் எது வந்தாலும் அதற்குத் 'திங்கட்கிழமை' என்று பெயர் வைத்துச் சிரிக்காதீர்கள். நான் வீணாக்கிய அந்த அரை மணி நேரம் எனக்கு இலவசமாகப் போனது. எல்லோருக்கும் அப்படிப் போகாது. மனசும் அப்படித்தான். சோர்வு புதன்கிழமையும் விலகவில்லை, இரண்டு வாரமாக எதிலும் ஈடுபாடு இல்லை என்றால் அது கிழமைக் கணக்கில் வராது. டாக்டரைப் பார்க்க வேண்டியதுதான்.

என் அப்பா ஓய்வு பெற்று எட்டு வருஷம் ஆகிறது. இன்னமும் ஞாயிறு ராத்திரி எழுந்து கதவைப் பார்ப்பார், கடிகாரத்தைப் பார்ப்பார், தண்ணீர் குடிப்பார். "என்னப்பா?" என்றால், "ஒண்ணுமில்லடா, காலைல போகணும்ல" என்பார். எங்கே போகணும் என்று அவருக்கே சிரிப்பு வந்துவிடும். இதை வயசுக் கோளாறு என்று நினைத்திருந்தேன். 2025-இல் ஹாங்காங் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த தரணி சந்தோலா இங்கிலாந்து முதியவர்களின் தகவலை வைத்துச் செய்த ஆய்வைப் படித்ததும் எண்ணம் மாறியது. திங்கட்கிழமை பதற்றமாக இருந்ததாகச் சொன்னவர்களின் தலைமுடியில், மற்ற கிழமையில் பதற்றமாக இருந்தவர்களைவிட, இரண்டு மாதக் கார்ட்டிசோல் அளவு 23 சதவீதம் அதிகமாம். வேலையில் இருப்பவர்கள், ஓய்வு பெற்றவர்கள் என்ற பேதம் அதில் இல்லை. முப்பத்தைந்து வருஷம் ஒரே நாளில் ஒரே நேரத்துக்கு ஓடிய உடம்பு, ஓடச் சொன்ன ஆள் போன பிறகும் ஓடத் தயாராக நிற்கிறது. இதற்கு மருந்து எனக்குத் தெரியவில்லை. திங்கள் காலை ஏழரைக்கு அப்பாவுக்குப் போன் செய்கிறேன். போக ஒரு இடம் மாதிரி இருக்கட்டும்.

வேலையில் நான் செய்த மாற்றம் சின்னது, ஆனால் அதுதான் அதிகம் உதவியது. அதைத் திங்களில் செய்யவில்லை, வெள்ளிக்கிழமை சாயங்காலம் செய்தேன். முன்பெல்லாம் வெள்ளி ஐந்தரைக்கு எந்த வரியில் இருக்கிறேனோ அந்த வரியிலேயே கணினியை மூடிவிட்டு ஓடுவேன். முடிக்காத வேலை இரண்டு நாளும் செருப்புக்குள் போன கல் மாதிரி கூடவே வரும். இப்போது கிளம்புவதற்குப் பதினைந்து நிமிடம் முன்னால் நிறுத்திவிட்டு ஒரு மஞ்சள் துண்டுத்தாளில் எழுதுகிறேன். போன வாரத் தாள் இன்னும் திரையின் ஓரத்தில் ஒட்டியிருக்கிறது: 'கொள்முதல் தாள், 14-ஆவது வரிசையில் நிறுத்தம். 15-இல் வரிப்பதிவு எண் ஒரு இலக்கம் குறைகிறது, விற்றவரைக் கேட்க வேண்டும். பிறகு மொத்தம் போடலாம்.' இவ்வளவுதான். 'அறிக்கையை முடி' என்று பொதுவாக எழுதினால் பயனில்லை, முயன்று பார்த்தாயிற்று. எந்த வரிசை, அடுத்து கை எங்கே போக வேண்டும் என்று இருக்க வேண்டும். முடிக்காத காரியம் மனசை அரிப்பதைக் குறைக்க அதை முடித்தே ஆக வேண்டியதில்லை, எப்போது எப்படிச் செய்வோம் என்று தெளிவாகத் திட்டம் போட்டாலே அரிப்பு அடங்குகிறது என்று மாசிகாம்போ, பாமைஸ்டர் என்ற உளவியலாளர்கள் இருவரும் 2011-இல் சோதனை செய்து காட்டியிருக்கிறார்கள். என் ஞாயிறு சாயங்காலங்களில் அது பலித்தது. திங்கள் காலை உட்கார்ந்ததும் அந்தத் தாள் சொன்னபடி கேட்கிறேன். மூளை முழிப்பதற்குள் கை வேலையில் இருக்கும்.

அந்த மின்னஞ்சல் சங்கதிக்குப் பிறகு இன்னும் இரண்டு ஏற்பாடு. பெயரைத் தட்டினால் தானாக முகவரி வருகிற வசதியிலிருந்து குழு முகவரியை நீக்கிவிட்டேன். அனுப்பிய பிறகும் இரண்டு நிமிடம் மின்னஞ்சல் என்னிடமே நிற்கும்படி அமைத்தேன். இதற்குள் நாலு தரம் அது என்னைக் காப்பாற்றியிருக்கிறது. பத்து மணிக்கு முன்னால் பணம், சம்பளம், பெயர்ப்பட்டியல் எதையும் அனுப்புவதில்லை. எங்கள் பிரிவின் ஒன்பது மணிக் கூட்டத்தைப் பதினொன்றரைக்கு மாற்றலாமா என்று மேலாளரிடம் கேட்டேன். "அந்த நேரத்துல பாதிப் பேர் தலையாட்டத்தான் வர்றோம் சார்" என்று நான் சொன்னதும் யோசித்துவிட்டு மாற்றினார். உங்கள் மேலாளர் மாற்றுவாரா என்பது உங்கள் யோகம்.

கடைசியில் பணம். ஹெட்போன் வாங்கிய ராத்திரி ஒரு சந்தேகம் வந்து ஆர்டர் வரலாற்றைத் திறந்தேன். அவசியத் தேவைகளைக் கழித்துவிட்டு மிச்சத்தைக் கிழமைவாரியாகப் பிரித்தால், திங்கள் ராத்திரி ஒன்பதிலிருந்து பதினொன்றுக்குள் வாங்கியவை தனிக் குவியலாக நின்றன. அதில் இரண்டு ரகம். ஒன்று ஆறுதல்: ஹெட்போன், ஒரே நிறத்தில் மூன்றாவது சட்டை, எதையும் நறுக்காத ஒரு நறுக்கும் கருவி. இன்னொன்று சபதம்: யோகா விரிப்பு, வருஷ நாட்குறிப்பு, மொழி கற்கும் சந்தா, ஓட்டப் பயிற்சி ஷூ.

ஆறுதல் ரகம் ஏன் என்பது எளிது. சோகப் படக்காட்சி பார்த்தவர்கள், சாதாரணக் காட்சி பார்த்தவர்களைவிட அதே தண்ணீர் பாட்டிலுக்கு அதிக விலை கொடுக்க முன்வந்ததாக 2008-இல் வந்த ஒரு சோதனை சொல்கிறது. சோகத்தால்தான் கொடுத்தோம் என்பதே அவர்களுக்குத் தெரியவில்லை. சபத ரகம்தான் தந்திரமானது. 'திங்கள்லேருந்து ஆரம்பிக்கிறேன்' என்று சொல்லாதவர் யார்? ஹெங்சென் டாய், கேத்தரின் மில்க்மன், ஜேசன் ரிஸ் மூவரும் 2014-இல் வெளியிட்ட ஆய்வில், வாரத் தொடக்கத்தில் கூகுளில் டயட் பற்றித் தேடுவதும் உடற்பயிற்சிக் கூடத்துக்குப் போவதும் கூடுவதைக் காட்டினார்கள். பழைய வாரத்துத் தோல்வியைப் பழைய ஆள் கணக்கில் எழுதிவிட்டுப் புது ஆளாக இறங்குகிற உற்சாகம் அது. அந்த உற்சாகத்தை நான் குறை சொல்லவில்லை. ஆனால் எனக்கு அது காலில் இறங்குவதற்கு முன்னால் கார்டில் இறங்கிவிட்டது. ஷூ வாங்கியதே ஓடிவிட்ட மாதிரி நிம்மதி. டெலிவரி புதன்கிழமை வந்தது. புதன்கிழமை நான் பழைய ஆள்.

கடைக்காரர்களுக்கு இதெல்லாம் நம்மைவிட நன்றாகத் தெரியும். அமெரிக்காவில் நன்றி தெரிவிக்கும் நாளுக்கு அடுத்த திங்களுக்கு 'சைபர் மண்டே' என்று பெயர் சூட்டி 2005-இல் தொடங்கிய ஆன்லைன் விற்பனை இன்று உலகம் சுற்றுகிறது. ஞாயிறு ராத்திரி என் கைப்பேசிக்கு வருகிற 'புதிய வாரம், புதிய நீங்கள்' செய்திகளை எண்ண ஆரம்பித்து, பாதியில் விட்டுவிட்டேன்.

பங்குச் சந்தையில் விளையாடும் என் அண்ணன் இதில் தன் பங்குக்கு ஒன்று சொன்னான். கென்னத் ஃபிரெஞ்ச் என்பவர் 1980-இல் அமெரிக்கச் சந்தையின் 25 வருஷக் கணக்கைப் பார்த்ததில், திங்களில் மட்டும் சராசரி வருமானம் நஷ்டமாக இருந்ததாம். 1987 அக்டோபர் 19-ஆம் தேதி அந்தச் சந்தையின் டவ் ஜோன்ஸ் குறியீடு ஒரே நாளில் 22.6 சதவீதம் சரிந்ததும் திங்களில்தான். "அப்போ திங்கள் வாங்கி வெள்ளி வித்தா லாபமா?" என்றேன். "அந்த விளைவு தெரிஞ்சதுக்கப்புறம் நாளடைவுல மங்கிப்போச்சு. ஊருக்கே தெரிஞ்ச குறுக்கு வழி குறுக்கு வழியாடா?" என்றான். அத்தோடு அதை விட்டுவிட்டேன்.

நான் வைத்துக்கொண்ட விதி ஒன்றே ஒன்று. திங்கட்கிழமை எதையும் பார்க்கலாம், ஆசைப்படலாம், பட்டியலில் போட்டு வைக்கலாம், வாங்குவது வியாழக்கிழமை. கூடவே கடைச் செயலியில் சேமித்திருந்த கார்டு எண்ணையும் அழித்துவிட்டேன். ஒவ்வொரு முறையும் 16 இலக்கத்தைத் தட்ட வேண்டும், அதற்கு எழுந்து போய்ப் பையிலிருந்து கார்டை எடுக்க வேண்டும். பாதி ஆசை அந்த எழுந்திருக்கிற சோம்பலிலேயே செத்துவிடும். முதல் மாதம் பட்டியலில் 9 பொருள் சேர்ந்தது. வியாழக்கிழமைகளில் வாங்கியது 2. மிச்சத்தில் ஒன்று கழுத்து வலிக்கான தலையணை. எனக்குக் கழுத்து வலி வந்ததே இல்லை. எதற்காகப் பட்டியலில் போட்டேன் என்று இப்போதும் யோசிக்கிறேன்.

12 வாரம் முடிந்தும் நோட்டை விடவில்லை, எழுதுவது மட்டும் குறைந்துவிட்டது. போன ஞாயிறு ராத்திரி ஒரு தொடரைப் பார்த்துக்கொண்டே ஒன்றரை மணி ஆக்கிவிட்டேன். திங்கள் மனநிலைக்கு 4 போட்டேன், பக்கத்தில் 'தொடர்' என்று எழுதினேன். மஞ்சள் தாள் இருந்ததால் வேலை ஓடியது. ராத்திரி பட்டியலில் ஒரு கூடாரம் சேர்ந்திருக்கிறது. வியாழன் வர இன்னும் இரண்டு நாள் இருக்கிறது.

அந்த ஓட்டப் பயிற்சி ஷூ மட்டும் திருப்பி அனுப்புகிற தேதி தாண்டி, உள்ளே திணித்த காகிதத்தோடு பெட்டியிலேயே கிடந்தது. அக்கா மகன் வந்தபோது பார்த்துவிட்டு, "மாமா, போட்டுக்கவே மாட்டீங்களா?" என்றான். காலில் மாட்டிப் பார்த்தான், சரியாக இருந்தது. இப்போது அவன் அதைப் போட்டுக்கொண்டு தினமும் ஓடுகிறான். என்ன கிழமை என்று பார்ப்பதாகத் தெரியவில்லை.